இரண்டு கோல் அடித்தும் தோற்ற ஆட்டம்

1

அயர்லாந்தின் மேற்குக் கரையில் உள்ள ஒரு சின்ன ஊரின் பந்தாட்டக் கழகம் மாகாண இறுதியாட்டத்தில் ஒரு புள்ளியால் தோற்று, வருகிற ஞாயிறோடு ஒரு வருஷம் ஆகிறது. அந்த ஊரை நான் பார்த்ததில்லை. ஆனால் அந்த ஆட்டத்துக்குப் பிறகு இத்தாலியின் பலெர்மோ நகரில் எங்கள் வீட்டில் ஒரு அறை வெறுமையாகிவிட்டது.

அல்பெர்கேரியா என்ற பகுதியில் மூன்றாம் மாடியில் இருக்கிறோம். அறையை யாரும் பெடியனுக்கு வாடகைக்குக் கொடுக்கலாம் என்று மனைவி புஸ்பம் சொல்கிறாள். அவள் சொல்லும்போதெல்லாம் நான் எழும்பி, சந்தைக்கு ஏதோ வாங்கப் போகிறவன்போலப் படியிறங்கி விடுகிறேன். சந்தையில் ஒன்றும் வாங்குவதில்லை. ஸ்தாசியோனே சென்ட்ராலே என்கிற மத்திய ரயில் நிலையம் வரை நடந்து, போகிற ரயில்களின் பெயர்ப் பலகையை வாசித்துவிட்டுத் திரும்புகிறேன். ஊரில் இருந்து தங்கச்சி போன் எடுத்தால், "அண்ணை, இத்தாலியில நீங்கள் நிம்மதியா இருக்கிறியள்தானே?" என்று கேட்கிறாள். ஓம் என்கிறேன். அந்த ஓம் சரியில்லை என்று தோன்றியதால்தான் இதை எழுதுகிறேன்.

2

நான் மன்னார்த் தீவைச் சேர்ந்தவன். பெயர் யேசுதாசன். இங்கே வந்து இருபத்தாறு வருஷம். முதலில் சிஞ்ஞோராமாரின், இந்த ஊர்ப் பெரிய அம்மாமாரின், வீடுகளைத் துடைத்தேன். இப்போது ஆறு வருஷமாகச் சீசா என்ற பகுதியில் ஒரு வயோதிபரைப் பார்க்கிறேன். காலையில் எட்டு மணிக்கு பஸ்ஸில் போவேன், பின்னேரம் ஐந்துக்குத் திரும்புவேன். குளிக்க வார்ப்பது, மருந்து கொடுப்பது, சமைப்பது, பக்கத்துத் தெருவில் கொஞ்சத் தூரம் நடக்கக் கூட்டிக்கொண்டு போவது என் வேலை.

அவர் பெயர் டோனல். அயர்லாந்துக்காரர். இளம் வயதில் இங்கிலாந்துக்குக் கட்டட வேலைக்குப் போய், இரவுப் பள்ளியில் படித்து ஆசிரியராகி, ஒரு சிசிலிப் பெண்ணைக் கலியாணம் செய்து பலெர்மோவுக்கு வந்து, ஆங்கிலம் படிப்பித்தே வாழ்ந்தவர். மனைவி இறந்துவிட்டார். ஒரே மகன் வடக்கே தொரினோ நகரில். நான் அவரை சேர் என்பேன், அவர் என்னை தாஸ் என்பார். நாங்கள் கதைப்பது இத்தாலியனும் ஆங்கிலமும் கலந்த ஒரு பாஷை. அதை இங்கே தமிழில் எழுதுகிறேன்.

அவருக்கு ஒரு கண் நோய். பார்க்கிற பொருளின் நடுப்பகுதி அழிந்து, ஓரங்கள் மட்டும் தெரியும். என் முகம் அவருக்குத் தெரியாது, காதுகள் தெரியும் என்று சிரிப்பார். வேலைக்குச் சேர்ந்த முதல் வருஷம் ஒரு ஞாயிற்றுக்கிழமை என்னை வரச்சொல்லி, கணினியைப் போட்டுத் தரச் சொன்னார். தன்னுடைய ஊர்க் கழகம் விளையாடுகிறது, யூனியர் ஆட்டம், நேரடியாகக் காட்டுகிறார்கள் என்றார். யூனியர் என்றதும் பள்ளிக்கூடப் பிள்ளைகள் என்று நினைத்தேன். திரையில் மைதானத்துக்கு வந்தவர்களில் பாதிப்பேருக்குத் தாடி. ஒருவருக்குத் தலையில் மயிரே இல்லை.

"சேர், பிள்ளைகளைக் காணவில்லை. தகப்பன்மார் நிற்கிறார்கள்" என்றேன்.

அவர் இருமி இருமிச் சிரித்தார். யூனியர் என்பது வயதில்லை, தரம் என்று பிறகுதான் தெரிந்தது. பெரிய ஊர்களின் கழகங்கள் மேல் தரத்தில் விளையாடும். பதினைந்து பேரைச் சேர்ப்பதே பெரும்பாடான ஊர்கள் யூனியர். ஒவ்வொரு கழகமும் ஒரு கோயில் பங்கு, அதாவது ஒரு தேவாலயத்தைச் சேர்ந்த ஊர்ச்சனம். நீ பிறந்த பங்குக்குத்தான் நீ விளையாடுவாய், ஒருவருக்கும் சம்பளம் இல்லை. இதைக் கேட்டபோது எனக்குச் சட்டென்று அந்த ஆட்டத்தில் ஒரு உரிமை வந்துவிட்டது. மன்னாரிலும் அதுதானே. கோயில் எதுவோ கழகம் அது.

"சொல்லு தாஸ், என்ன நடக்கிறது?" என்று அவர் கேட்டார். அன்றிலிருந்து அவருக்கு ஆட்டத்தைச் சொல்லும் வேலையும் என்னுடையதானது. ஒழுங்கான உதைபந்தாட்டம் தெரிந்தவனுக்கு அது தலைசுற்றும் விளையாட்டு. பந்தைக் கையால் பிடிக்கலாம், கொண்டு ஓடலாம், ஆனால் நான்கு அடிக்கு ஒருமுறை நிலத்தில் குத்தவேண்டும், அல்லது பாதத்தால் தட்டித் திரும்பக் கைக்கு எடுக்கவேண்டும். கோல் கம்பங்கள் மேலே நீண்டிருக்கும். குறுக்குக் கம்பத்துக்கு மேலால் பந்து போனால் ஒரு புள்ளி. கீழே வலைக்குள் போனால் கோல், அதற்கு மூன்று புள்ளி. முதல் மாதங்களில் நான் எல்லாவற்றுக்கும் "கோல்!" என்று கத்த, அவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு, "எந்தக் கோல், மேலாலா கீழாலா?" என்பார்.

அவருடைய அலுமாரியில் ஒரு படம் இருக்கிறது. பதினைந்து பேர், நடுவில் ஒரு கிண்ணம். அவருக்கு இருபத்திரண்டு வயதாக இருக்கும்போது அந்தப் பங்கு கவுண்டியின் யூனியர் கிண்ணத்தை வென்றது. கவுண்டி என்றால் எங்கள் மாவட்டம் மாதிரி. அந்தக் காலத்தில் அதோடு முடிந்தது. மாவட்டத்தை வென்ற சின்ன ஊர்களுக்கு அதற்கு மேலே போக வழியில்லை. வெற்றிபெற்ற ஊர்கள் ஒன்றோடொன்று மோதும் மாகாணச் சுற்றுப்போட்டி அவர்களுக்கு எல்லாம் பிந்தித்தான் வந்தது.

"நாங்கள் அதை விளையாடியிருந்தால் வென்றிருப்போம்" என்று அவர் அடிக்கடி சொல்வார்.

"பிறகு என்ன நடந்தது?"

"அடுத்த வசந்தத்துக்குள் இந்தப் படத்தில் ஒன்பது பேர் ஊரில் இல்லை. லண்டன், பொஸ்டன், சிக்காகோ. நானும் போனேன். அதற்குப் பிறகு பல வருஷம் பங்கில் ஆளில்லை. பக்கத்துப் பங்கோடு சேர்ந்து விளையாடினார்கள். அவர்களுடைய சட்டையைப் போட்டுக்கொண்டு!"

மற்றப் பங்கின் சட்டையைப் பற்றிச் சொல்லும்போது அறுபது வருஷம் கழிந்தும் அவருக்குக் குரல் ஏறும்.

3

போன வருஷம் அந்தக் கழகம் மறுபடி கவுண்டிக் கிண்ணத்தை எடுத்தது. நவம்பரில் மாகாணச் சுற்றில் காலிறுதி, பிறகு அரையிறுதி. அரையிறுதியில் கடைசி நிமிஷத்தில் ஏழாம் இலக்கக்காரன் எல்லைக் கோட்டோரம் நின்று வளைத்து அடித்த பந்து கம்பத்துக்கு மேலால் போனது. நான் சொல்லி முடிக்க முன்னர் சேர் கதிரையில் இருந்து எழும்பி விழப் பார்த்தார்.

"இறுதியாட்டம் பதினான்கு நாளில், நான் விளையாடிய கவுண்டி மைதானத்தில். நான் போகிறேன்" என்றார்.

மகனுக்குப் போன் எடுத்தார். தனக்கு வேலை, கூட்டிப்போக முடியாது, இந்த வயதில் பார்வையும் இல்லாமல் இது என்ன விசர்வேலை என்று மகன் சொன்னது எனக்கே கேட்டது. போனை வைத்துவிட்டு சேர் என் பக்கம் திரும்பினார். என் காதைப் பார்த்திருப்பார்.

"மகன் வந்தாலும் பிரயோசனமில்லை. அவனுக்கு ஆட்டம் தெரியாது. நீதான் வரவேண்டும் தாஸ். நான் அந்த மைதானத்தில் இருக்க, பக்கத்தில் இருந்து நீ சொல்லவேண்டும்."

எனக்கு உள்ளுக்குள் துள்ளியது. இத்தனை வருஷத்தில் ஊருக்குப் போய் வந்ததைத் தவிர நான் எங்கும் போனதில்லை. என்னிடம் நீண்டகாலப் பெர்மெஸ்ஸோ, அதாவது வதிவிட அனுமதி, இருக்கிறது. ஐரோப்பா முழுக்க ஓடித்திரியலாம் என்று எல்லோரும் சொல்கிற அட்டை. ஆனாலும் கேட்டுவிடுவோம் என்று, பேப்பர் வேலை செய்து தருகிற அலுவலகத்துக்குப் போனேன். இரண்டு மணித்தியாலம் வரிசை. கண்ணாடி போட்ட சிஞ்ஞோரா என்ன விஷயம் என்று கேட்டாள். அவசரத்தில், "பார்த்தீத்தாவுக்காக வந்தேன்" என்றேன். பார்த்தீத்தா என்றால் ஆட்டம். அவள் தலையாட்டி, ஒரு படிவத்தை எடுத்து, என்ன வியாபாரம் தொடங்குகிறாய் என்றாள். சொந்தத் தொழில் செய்கிறவர்களின் வரி இலக்கத்துக்கும் இத்தாலியனில் பார்த்தீத்தா என்றுதான் தொடங்கும் பெயர். நான் வியாபாரம் இல்லை, பந்து என்றேன். பந்து விற்கப் போகிறாயா என்றாள். பின்னால் நின்ற கானா நாட்டுப் பெண்தான் சிரிப்பை அடக்கிக்கொண்டு விளங்கப்படுத்தினாள்.

விளங்கிய பிறகு சிஞ்ஞோரா முகம் இளகிச் சொன்னாள்: "அயர்லாந்து ஐரோப்பாவில்தான் இருக்கிறது. ஆனால் இந்த அட்டை அங்கே செல்லாது. நீ இலங்கைக் கடவுச்சீட்டுக்காரன். தனி வீசா எடுக்கவேண்டும். ரோமுக்கு அனுப்பவேண்டும். பல கிழமை எடுக்கும்."

"ஆட்டம் இன்னும் பதினொரு நாளில், சிஞ்ஞோரா."

"பிரஜாவுரிமை எடுத்திருந்தால் இந்தப் பிரச்சினையே இல்லையே. ஏன் எடுக்கவில்லை?"

அதற்கு மொழிப் பரீட்சை வேண்டும். மூன்று வருஷமாக, அடுத்த முறை அடுத்த முறை என்று தள்ளிக்கொண்டு வருகிறேன். இருபத்தாறு வருஷம் இந்த நாட்டின் கிழவர்களுக்கு மருந்துப் பெயர் வாசித்துக் கொடுத்தவன், பரீட்சை மண்டபத்தில் எழுதத் தெரியாமல் விழித்துக்கொண்டிருப்பேனோ என்ற வெட்கம்தான் காரணம். அதை அவளிடம் சொல்லவில்லை. வெளியே வந்து பஸ்ஸுக்குக் காத்திராமல் வீடு வரை நடந்தேன்.

4

எங்கள் மகள் ஜெனிற்றாவுக்கு அப்போது இருபத்திமூன்று. ஸ்தாசியோனேக்குப் பக்கத்தில் ஒரு விடுதியில் வரவேற்பு மேசையில் வேலை. இங்கேயே பிறந்தவள். பதினெட்டு வயதானதும் தானே கொமூனே என்கிற நகரசபைக்குப் போய்ப் பிரஜாவுரிமை எடுத்துக்கொண்டு வந்தாள். அன்றைக்கு அட்டையைக் காட்டி, "இப்ப நான் இத்தாலியானா" என்றாள். சந்தோஷப்பட்டோம். ஆனால் அதற்குப் பிறகு அவள் எங்களோடு கதைப்பது குறைந்துகொண்டே போனது. வேலையால் வருவாள், சாப்பிடுவாள், காதில் எதையோ மாட்டிக்கொண்டு அறைக்குள் போய்விடுவாள். தமிழில் கேட்டால் இத்தாலியனில் பதில். அதுவும் பலெர்மோத் தெரு இத்தாலியன். கோயிலுக்கு வருவதை நிறுத்தி இரண்டு வருஷம். யாழ்ப்பாணத்து ஆட்கள் பார்த்துச் சொன்ன ஒரு மாப்பிள்ளையின் படத்தைக் காட்டியபோது, "மம்மா, பாஸ்தா" என்று மட்டும் சொன்னாள். போதும் என்று அர்த்தம்.

அன்றிரவுச் சாப்பாட்டில் நான் வீசா கதையைச் சொன்னேன். புஸ்பம், "அந்த மனிசனுக்கு எவ்வளவு ஆசையாயிருக்கும்" என்றாள். ஜெனிற்றா தலை நிமிராமல் கேட்டாள்:

"பப்பா, நான் கூட்டிக்கொண்டு போகவோ?"

நாங்கள் இருவரும் அவளைப் பார்த்தோம்.

"எனக்கு வீசா வேண்டாம், இத்தாலியன் கார்த்தா அட்டை காணும். லீவும் கிடக்கு. இங்கிலிஷும் தெரியும்."

"உனக்கு அந்த ஆட்டம் தெரியாதே, பிள்ளை" என்றேன்.

"சொல்லித் தாங்கோவன்."

சரியாக ஐந்து பின்னேரங்கள். வேலையால் வந்ததும் நாங்கள் இருவரும் சமையலறை மேசையில் இருந்து, போன் திரையில் பழைய ஆட்டங்களைப் போட்டுப் பார்த்தோம். அவள் கேட்டாள், நான் சொன்னேன். கண் தெரியாதவருக்குச் சொல்வது வேறு வேலை என்று விளங்கப்படுத்தினேன். பந்து எங்கே நிற்கிறது என்பதை முதலில் சொல்லவேண்டும், யார் கையில் என்பது அடுத்தது. வலப்பக்கம் இடப்பக்கம் என்று சொல்லாதே, கடல் பக்கம், வீதிப் பக்கம் என்று சொல்லு, அந்த மைதானத்தை அவருக்கு அப்படித்தான் தெரியும் என்றேன். அவள் கெட்டிக்காரி. இரண்டாம் நாளே சத்தத்தை மூடிவிட்டு வேகமாகச் சொல்லத் தொடங்கினாள். நடுவர் பிழை விட்டால் பலெர்மோத் தூஷணமும் சேர்ந்து வந்தது. நான் கேளாதவன்போல இருந்தேன்.

நான்காம் நாள் அவள் திடீரென்று கேட்டாள்: "உங்களுக்கு எப்பிடி இவ்வளவு தெரியும்? நீங்கள் விளையாடினனீங்களோ?"

"ஓம். மன்னாரில. லெப்ட் பாக்."

"ஒருநாளும் சொல்லேல்லையே."

"நீ கேக்கேல்லை."

அவள் போனைக் குப்புற வைத்துவிட்டு, இப்ப கேக்கிறன் என்றாள். சொன்னேன். எங்கள் கழகமும் இரண்டாம் தரம்தான். எனக்கு இருபது வயதில் மாவட்டத்தின் இரண்டாம் பிரிவில் இறுதியாட்டத்துக்கு வந்தோம். ஞாயிற்றுக்கிழமை ஆட்டம். வெள்ளிக்கிழமை கோல் வலைகளைத் தைத்துக் கட்டினோம். சனிக்கிழமை சண்டை மறுபடி தொடங்கி ஷெல் வந்தது. ஞாயிறு விடிய ஊரில் பாதிச் சனம் இல்லை. சிலர் வள்ளத்தில் இந்தியாவுக்கு, சிலர் மடு மாதா கோயிலுக்கு. எங்கள் கோல்காப்பாளன் இன்றைக்கும் தமிழ்நாட்டில் முகாமில் இருக்கிறான். இரண்டு பேர் உயிரோடு இல்லை. வலையை யார் கழற்றினார்கள் என்று தெரியாது.

"அந்த பைனல்?"

"நடக்கேல்லை."

"பிறகும் நடக்கேல்லையோ?"

"ஆரை வைச்சு நடத்திறது?"

ஜெனிற்றா கொஞ்ச நேரம் மேசை விரிப்பின் ஓரத்தைச் சுருட்டிக்கொண்டிருந்தாள். பிறகு எழும்பி எனக்குத் தேத்தண்ணி ஊற்றி வந்து வைத்தாள். சின்ன வயதில் தனக்குக் காய்ச்சல் வந்தால் என் பக்கத்தில் இருப்பாளே, அப்படிப் பக்கத்தில் இருந்தாள். பல வருஷத்துக்குப் பிறகு எனக்கு அவள் மகளாக இருந்த கிழமை அது.

5

வெள்ளிக்கிழமை காலை இருவரும் ரோம் வழியாகப் பறந்தார்கள். சேர் கோட்டும் தொப்பியும் போட்டு, ஜெனிற்றாவின் தோளைப் பிடித்துக்கொண்டு நடந்தார்.

ஞாயிறு எனக்குப் பூசையில் மனம் நிற்கவில்லை. மத்தியானத்தில் இருந்தே போனைச் சுவரோடு சாய்த்துவைத்துக் காத்திருந்தேன். ஜெனிற்றா கட்டாயம் எடுப்பாள், தடுமாறி என்னைக் கேட்பாள், நான் இங்கே இருந்து பார்த்துச் சொல்ல அவள் அதை அவர் காதில் பிடிப்பாள் என்று மனதுக்குள் ஒரு திட்டம். அவளிடம் அதைச் சொல்லியும் இருந்தேன். ஆட்டம் தொடங்கியது. அங்கே மழை. எங்கள் ஆட்கள் (எப்போது அவர்கள் எங்கள் ஆட்கள் ஆனார்களோ தெரியாது) பத்தாம் நிமிஷத்தில் ஒரு கோல் அடித்தார்கள். கீழால்! நான் எழும்பிவிட்டேன். போன் வரவில்லை. இரண்டாம் பாதியில் இன்னொரு கோல். அப்போதும் வரவில்லை.

எதிர்ப்பக்கம் கோலே அடிக்கவில்லை. ஆனால் மேலால், மேலால் என்று ஒவ்வொரு புள்ளியாகச் சேர்த்தார்கள். நான் சமையலறையில் இருந்து படுக்கையறைக்கும் அங்கிருந்து பல்கனிக்கும் நடந்தேன். கடைசி ஐந்து நிமிஷத்தில் இரண்டு பக்கமும் பதின்மூன்று. அந்த நேரம் பார்த்துப் படம் நின்றுபோனது. ஏழாம் இலக்கக்காரன் ஒரு காலைத் தூக்கியபடி திரையில் உறைந்து நின்றான். போனைத் தட்டினேன், மூடித் திறந்தேன், பல்கனியில் கையை நீட்டிப் பிடித்தேன். பிறகு வந்தபோது மைதானத்தில் சனம் நிறைந்திருந்தது. யார் அழுகிறார்கள், யார் சிரிக்கிறார்கள் என்று மழையில் தெரியவில்லை.

முக்கால் மணித்தியாலம் கழித்து ஜெனிற்றா இரண்டே சொல் அனுப்பியிருந்தாள்: தோல்வி. ஒன்றால்.

புஸ்பத்துக்குக் கணக்குச் சொன்னேன். எங்களுக்கு இரண்டு கோல், ஏழு புள்ளி, மொத்தம் பதின்மூன்று. அவர்களுக்குக் கோல் இல்லை, பதினான்கு புள்ளி.

"ரெண்டு கோல் அடிச்சவை தோத்து, ஒரு கோலும் அடியாதவை வெண்டவையோ?" என்றாள். "இதென்னப்பா விளையாட்டு?"

எனக்குத் தோல்வி வருத்தமில்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் அதைவிட, போன் வராததுதான் உறுத்தியது. நான் இல்லாமல் அவள் முழு ஆட்டத்தையும் சொல்லி முடித்திருக்கிறாள்.

6

திரும்பி வந்த சேர் பத்து வயது குறைந்தவர்போல இருந்தார். பழைய படத்தில் இருந்த இரண்டு பேர் உயிரோடு இருந்தார்களாம், பொல்லு ஊன்றிக்கொண்டு வந்து கட்டிப்பிடித்தார்களாம். ஜெனிற்றா ஆட்டத்தை இத்தாலியனில் கத்திக் கத்திச் சொல்ல, முன் வரிசைகளில் இருந்தவர்கள் மைதானத்தை விட்டுவிட்டு அவளைத் திரும்பித் திரும்பிப் பார்த்தார்களாம். "ஒரு பந்தும் எனக்குத் தவறவில்லை தாஸ்" என்றார். எனக்குப் பெருமையாக இருந்தது. இன்னொன்றாகவும் இருந்தது.

நத்தார் முடிந்து, புது வருஷம் பிறந்து ஒரு கிழமையில் ஜெனிற்றா சொன்னாள். சாப்பாட்டு மேசையில்தான். அந்த ஊருக்குப் பக்கத்து நகரத்தில் ஒரு விடுதியில் வேலை கிடைத்திருக்கிறது. பெப்ரவரியில் போகிறாள்.

"எத்தினை மாசத்துக்கு?" என்று புஸ்பம் கேட்டாள்.

"தெரியாது மம்மா."

"இஞ்சை வேலை இல்லையோ? ஆரை நம்பி அங்கை போறாய்?"

"அங்கை ஆக்கள் எந்த ஊர் எண்டு கேட்டவை. பலெர்மோ எண்டு சொன்னன். ஆ, பலெர்மோவோ எண்டு அதோட விட்டிட்டினம்." அவள் கோப்பையைத் தள்ளி வைத்தாள். "இஞ்சை பிறந்தும் இஞ்சை ஒருதரும் அதோட விடேல்லை, மம்மா. இல்லை, உண்மையா எந்த ஊர் எண்டு கேப்பினம். அப்பிடி விட்டது அதுதான் முதல் தரம்."

புஸ்பம் அழுதாள். நான் படியிறங்கினேன். எப்படி வேலை கிடைத்தது என்று நடந்துகொண்டே யோசித்தேன். அந்த நகரத்தில் தன் அக்காவின் மகள் விடுதி நடத்துவதாக ஒருமுறை சேர் சொன்னது நினைவு வந்தது.

அடுத்த நாள் வேலைக்குப் போகவில்லை. அதற்கு அடுத்த நாள் போய், கோட்டைக் கழற்றாமலே கேட்டேன்.

"சேர், அந்த வேலையை நீங்களா பிடித்துக் கொடுத்தீர்கள்?"

அவர் மறைக்கவில்லை. "ஓம். அவள் கேட்கவில்லை. நான்தான் அங்கே வைத்துக் கேட்டேன், இங்கே இருக்க விருப்பமா என்று."

"என்னிடம் ஒரு சொல் சொல்லாமல்?"

"சொன்னால் நீ வேண்டாம் என்றிருப்பாய்."

"ஓம், வேண்டாம் என்றுதான் சொல்லியிருப்பேன். எனக்கு ஒரு பிள்ளை. நான் அவளை நம்பி உங்கள் கையில் தந்தது உங்களுக்குக் கண்ணாக இருக்க. நீங்கள் அவளுடைய மனதை அங்கே விட்டுவிட்டு வந்துவிட்டீர்கள்." இத்தாலியன் வாயில் புரளாமல் பாதியைத் தமிழிலேயே கத்தினேன். இத்தனை வருஷத்தில் நான் அவர் முன் குரல் உயர்த்தியது அது முதல்தரம். "உங்கள் ஊரில் இருந்து போன ஒன்பது பேருக்குப் பதிலாக என் மகளையா அனுப்புகிறீர்கள்?"

அவர் கதிரையின் கையைத் தடவிக்கொண்டிருந்தார். பிறகு, "அப்படியும் இருக்கலாம்" என்றார். "நான் உன்னிடம் கேட்டிருக்கவேண்டும். பிழை என்னுடையது."

அப்படிச் சொன்னதும் எனக்குக் கோபத்தைக் கொண்டுபோய் வைக்க இடமில்லாமல் போனது. அடுப்பில் தண்ணீரை வைத்தேன். முதுகுப் பக்கம் இருந்து அவர் சொன்னார்:

"நான் லண்டனுக்குப் போன பிறகு அம்மா மாதம் ஒரு கடிதம் எழுதுவா. நாலு பக்கம். முழுக்க ஆட்டம். எந்தப் பங்கு வென்றது, யார் எத்தனை புள்ளி, யாருக்கு முழங்கால் உடைந்தது. எப்போது வருகிறாய் என்று ஒரு வரி இல்லை. எனக்குக் கோபம். என்னைத் தேடவில்லை, பந்தைத்தான் தேடுகிறா என்று நினைத்தேன். செத்த வீட்டுக்குப் போனபோதுதான் அக்கா சொன்னா. அம்மா ஒருநாளும் மைதானத்துக்குப் போனதில்லையாம். அவவுக்கு ஆட்டமே விளங்காது. ஞாயிறு பின்னேரம் வீதியில் நின்று, போகிற வருகிற பெடியன்களை மறித்து மறித்துக் கேட்டு எழுதுவாவாம்."

தண்ணீர் கொதித்து வழிந்தது. நான் அடுப்பை நிறுத்தினேன்.

7

பெப்ரவரியில் ஒரு செவ்வாய்க்கிழமை அவளை விமான நிலையத்துக்குக் கொண்டுபோய் விட்டோம். புஸ்பம் மிளகாய்த்தூளும் கருவாடும் கட்டிக் கொடுத்தாள். சோதனை வரிசையில் அவள் திரும்பிக் கை காட்டியபோது நான் ஏதோ சொல்லவேண்டும் என்று வாய் திறந்தேன். தோள்பையின் சிப்பைப் பூட்டச் சொன்னேன்.

முதல் மாதங்களில் அவள் போன் எடுத்தால் இரண்டு நிமிஷத்தில் முடிந்துவிடும். சாப்பிட்டியா, சாப்பிட்டன். குளிரோ, குளிர். எப்ப வாறாய் என்று நான் கேட்பேன். அவள், "வேலைக்கு நேரமாகுது பப்பா" என்பாள். வைத்துவிட்ட போனைப் பார்த்துக்கொண்டு இருந்துவிட்டு நான் நடக்கப் போய்விடுவேன்.

சேரோடு பழையபடிதான். அவர் சுகமில்லாமல் கிடந்த ஏப்ரலில் இரண்டு கிழமை நான்தான் பக்கத்தில் இருந்தேன். மன்னித்தேனா என்று கேட்டால் தெரியாது. வேலையை விடவில்லை. மொழிப் பரீட்சைக்குப் பெயர் கொடுத்திருக்கிறேன்.

மே மாதம் ஒரு ஞாயிறு, பூசை முடிந்து கால் போன போக்கில் நடந்தவன் எங்கள் மன்னார்ப் பெடியன்கள் விளையாடுகிற மைதானத்துக்குப் போய்ச் சேர்ந்தேன். இங்குள்ள தமிழ்க் கழகக்காரர் ஞாயிறுகளில் தங்களுக்குள் சுற்றுப்போட்டி நடத்துவார்கள். நான் பல வருஷமாக அந்தப் பக்கம் போனதில்லை. விளையாடுகிறவர்களில் ஒருவரையும் தெரியவில்லை. எல்லைக் கோட்டில் நின்ற ஒரு தம்பியிடம் பேனை வாங்கி, பூசை வாசகத் தாளின் பின்பக்கத்தில் குறித்துக்கொண்டேன். யார், எத்தனையாவது நிமிஷம், எந்தக் காலால். தெரியாத பெயர்களைக் கேட்டுக் கேட்டு எழுதினேன். "அண்ணை, நீங்கள் ஏதும் பேப்பருக்கோ?" என்று அவன் கேட்டான். ஓம் என்றேன்.

அடுத்த நாள் ஜெனிற்றா எடுத்தாள். சாப்பிட்டாளா என்று கேட்கவில்லை.

"நேத்து எங்கட பெடியள் தோத்திட்டினம், பிள்ளை" என்றேன்.

"எந்தப் பெடியள்?"

"மன்னார்க் கழகம். இஞ்சைதான்."

கொஞ்ச நேரம் சத்தமில்லை. வழக்கம்போல முடிந்தது என்று நினைத்தேன்.

"எத்தினைக்கு எத்தினை?" என்றாள்.

"மூண்டுக்கு ஒண்டு."

"எங்கட ஒண்டை ஆர் அடிச்சது?"

தாளை எடுத்து வெளிச்சத்துக்குத் திருப்பிப் பிடித்தேன். மகளுக்கு வாசிக்கத் தொடங்கினேன். பின்னால் அவளை யாரோ ஆங்கிலத்தில் கூப்பிட்டார்கள். வைக்கப்போகிறாள் என்று நிறுத்தினேன்.

"வைக்காதேங்கோ பப்பா" என்றாள். "ரெண்டாவது கோல் எப்பிடிப் போனது?"